எல்லீசர்: மொழியுறவு கண்ட ஆட்சியாளர்

திருவில்லிபுத்தூர் ஆண்டாளின் வரலாற்றை விசயநகர வேந்தர் கிருஷ்ணதேவராயர் ‘ஆமுக்தமால்யதா’ என்னும் தெலுங்குக் காவியமாகப் பாடினார். அண்மையிலுள்ள இராசபாளையத்துத் தெருக்களில் தமிழும் தெலுங்கும் உடன்பிறந்தாரைப் போல் உலவுவதை இன்றும் காண்கிறோம். இவ்விரு மொழிகளும் ஒரே குடியைச் சார்ந்தவை எனச் சான்று காட்டி அச்சில் வெளியிட்டவர் ஓர் ஆங்கிலேய அலுவலர் என்பதை நம் மாணவர் பலர் அறியார். அவர்தாம் பிரான்சிஸ் வைட் எல்லிஸ். தமிழ்ப்பற்றால் தம் பெயரை எல்லீசன் என வழங்கியவர்.

1777இல் பிறந்த எல்லீசர், 1796இல் கிழக்கிந்தியக் கும்பினியின் எழுத்தராகப் பணியேற்றார். வருவாய் வாரியத்தின் செயலாளராகவும், மசூலிப்பட்டினத்தில் நீதிபதியாகவும் விளங்கி, 1810இல் சென்னைக் கலெக்டரானார். அவர் வரி தண்டும் அயலாட்சியின் ஊழியரே. அதனை நாம் மறைக்க வேண்டுவதில்லை. எனினும், ஆளப்படும் மக்களின் மொழியைக் கல்லாதவன் நீதி வழங்க இயலாது என்பதை அவர் உணர்ந்திருந்தார்.

அவ்வுணர்வின் பயனாக, 1812இல் சென்னைக் கோட்டைக் கல்லூரி உருவாவதற்கு முன்னின்று உழைத்தார். இளம் ஆங்கில அலுவலர் அங்கே நாட்டு மொழிகளைப் பயின்றனர். பட்டாபிராம சாஸ்திரியார், சங்கரய்யா முதலிய நம் நாட்டு அறிஞர் அவருக்குத் துணைநின்றனர். கேம்பெல் எழுதிய தெலுங்கு இலக்கணம் 1816இல் வெளிவந்தபோது, அதன் முன்னுரைப் பகுதியில் தென்மொழிகள் வடமொழியின் வழிவந்தவை அல்ல என எல்லீசர் நிறுவினார். கால்டுவெல்லாரின் ஒப்பிலக்கணம் வெளிவந்ததோ 1856இல். அதாவது நாற்பது ஆண்டுகள் கழித்தே.

திருக்குறளின் ஒரு பகுதியை ஆங்கிலத்தில் பெயர்த்து உரைவிளக்கமும் எழுதினார். வீரமாமுனிவரின் நூல்களைத் தேடித் திரட்டுமாறு முத்துசாமிப் பிள்ளையைத் தென்னாட்டுக்கு அனுப்பினார். 1818இல் சென்னையில் தண்ணீர் வறட்சி நேர்ந்தபோது இருபத்தேழு கிணறுகளை வெட்டுவித்தார். இராயப்பேட்டைக் கிணற்றுக்கென அமைந்த கல்வெட்டு, குறளை மேற்கோளாகக் கொண்டு தமிழ்ச் செய்யுளால் இயன்றது. கற்ற குறளைச் செயலாக்கிய நெஞ்சம் அவருடையது எனலாம்.

1819 மார்ச்சுத் திங்களில் இராமநாதபுரத்தில் எல்லீசர் காலமானார். அப்போது அவர் நாற்பது வயதைச் சிறிதே கடந்திருந்தார். நாற்பது வயது வரை நூல் எதனையும் வெளியிடுவதில்லை எனத் தமக்குத் தாமே வரையறை செய்திருந்தாராம். அவர் ஆண்டுக்கணக்கில் தொகுத்து வைத்த ஏடுகளுள் பெரும்பகுதி மதுரைக் கலெக்டர் இல்லத்துச் சமையலறை அடுப்பில் எரிந்துபோனதாகச் சொல்லப்படுகிறது. எஞ்சிய சில தாள்களே பிற்காலத்தில் ஆக்ஸ்போர்டு நூலகத்தைச் சேர்ந்தன.

நிறைவை எதிர்நோக்கிக் காத்திருந்த ஓர் அறிஞரின் உழைப்பு இங்ஙனம் அழிந்ததை எண்ணுங்கால் நம் உள்ளம் கனக்கின்றது. மாணவச் செல்வங்களே, கற்றதை எழுதுங்கள். எழுதியதைக் காலந்தாழ்த்தாது வெளியிடுங்கள். பெரியோர் இல்லங்களில் உறங்கும் பழைய ஏடுகளையும் கேட்டுப் பெற்றுக் காப்பாற்றுங்கள். எல்லீசருக்கு நாம் செலுத்தத்தக்க நன்றி அதுவே.