கலைவாணரும் உடுமலைக் கவியும்

திருப்பூர் மாவட்டத்துப் பூளவாடியில் 1899-இல் பிறந்தவர் உடுமலை நாராயண கவி. அவரைப் பற்றிப் பேசப் புகுவோர், நாகர்கோவிலை அடுத்த ஒழுகினசேரியில் 1908 நவம்பர் 29 அன்று பிறந்த ஒருவரையும் சேர்த்தே பேச வேண்டியவராகின்றனர். கவியை ஆசானாக மதித்து, அவருடைய பாடல்களை நாடெங்கும் ஒலிக்கச் செய்த கலைவாணர் என்.எஸ்.கிருஷ்ணன்தான் அவர்.

தந்தையார் சுடலைமுத்துப் பிள்ளை, தாயார் இசக்கியம்மாள். வறுமை காரணமாகப் பள்ளிப் படிப்பு பாதியில் நின்றது. டென்னிஸ் ஆடுகளத்தில் பந்து பொறுக்கியும், நாடகக் கொட்டகையில் தின்பண்டம் விற்றும் நாட்களைக் கழித்த சிறுவர், வில்லுப்பாட்டில் தேர்ந்து, டி.கே.எஸ். சகோதரர்களின் நாடக சபையில் சேர்ந்தார். 1935-இல் மேனகா, 1936-இல் சதிலீலாவதி எனத் திரை வாழ்வு தொடங்கியது. 'வசந்தசேனா' படப்பிடிப்புக்காகப் புனே சென்றபோது அறிமுகமான டி.ஏ.மதுரம், வாழ்விலும் திரையிலும் துணைவியானார்.

அக்காலப் படங்களில் நகைச்சுவைப் பகுதி, கதையோடு ஒட்டாத தனிக் கிளையாகவே இருந்தது. அந்தக் கிளையைத் தமது சொந்த நிலமாக்கிக் கொண்டார் கலைவாணர். தமக்கென ஒரு குழுவை அமைத்து, காட்சிகளைத் தாமே எழுதி, தாமே இயக்கித் தயாரிப்பாளர்களுக்கு அளித்தார். முடிந்துபோன படங்களிலும் இவரது பகுதி பின்னர் சேர்க்கப்பட்டதுண்டு. இயக்குநர் என்று பெயர் போட்டுக்கொள்ளும் முன்பே அவர் இயக்குநராகிவிட்டார் என்பதே நம் கருத்து.

புகழின் உச்சியில் இடி விழுந்தது. 1944 நவம்பரில் பத்திரிகையாளர் இலட்சுமிகாந்தன் கொலையுண்டார். அவ்வழக்கில் எம்.கே.தியாகராஜ பாகவதர், கலைவாணர், கோவைப் பட அதிபர் ஸ்ரீராமுலு நாயுடு ஆகியோர் கைதாயினர். நாயுடு விடுதலை பெற்றார். மற்ற இருவருக்கும் 1945-இல் ஆயுள் தண்டனை விதிக்கப்பட்டது. மேல்முறையீடும் தோற்றது. வழக்கு இலண்டன் பிரிவி கவுன்சில் வரை சென்று, மீண்டும் சென்னை உயர் நீதிமன்றத்திற்கே திரும்பியது. 1947 ஏப்ரலில் நீதிபதிகள் ஹேப்பல், ஷஹாபுதீன் இருவரும் குற்றம் மெய்ப்பிக்கப்படவில்லை எனத் தீர்ப்பளித்து விடுவித்தனர். இடைப்பட்ட காலமெல்லாம் அவரது நாடகக் குழு சிதறாமல் காத்தவர்கள் மதுரமும், கோவை சிங்காநல்லூரைச் சேர்ந்த எஸ்.வி.சகஸ்ரநாமமும். விடுதலைக்குப் பின் பாகவதரின் திரை வாழ்வு மங்கியது. கலைவாணரோ முன்னிலும் துணிவோடு மேடையேறினார்.

1949-இல் அறிஞர் அண்ணா எழுதிய நல்லதம்பி வெளிவந்தது. மதுவிலக்கைப் பேசிய அப்படத்தில் அவர் நிகழ்த்திய கிந்தனார் காலட்சேபத்தை மாணவர்கள் அவசியம் அறிதல் வேண்டும். நந்தனார் கதையின் வார்ப்பில் அமைந்தது அது. ஆனால் தாழ்த்தப்பட்ட குடியில் பிறந்த கிந்தன் கோயிலை நாடவில்லை, பள்ளிக்கூடத்தை நாடினான். படித்துக் கல்வி அதிகாரியாகவும் உயர்ந்தான். அரங்கம் குலுங்கச் சிரித்தது. யாரைப் பார்த்துச் சிரித்தோம் என்பது வீடு திரும்பும் வழியில்தான் பலருக்கு உறைத்திருக்கும்! அதே படத்தில் அறிவியலையும் இயந்திரத்தையும் வரவேற்று மதுரத்தோடு பாடினார். பனியன் பொறிகளின் ஓசையிலேயே வளரும் நம் ஊர்ப் பிள்ளைகளுக்கு அப்பாடல் அந்நியமாகத் தோன்றாது.

பெயரோடு இயக்கியவை 1951-இல் மணமகள், 1952-இல் பணம். முன்னது சொந்தத் தயாரிப்பு, பத்மினி நடித்தது. பின்னதற்குக் கலைஞர் கருணாநிதி வசனம் தீட்ட, சிவாஜி கணேசன் நடித்தார். விசுவநாதன், ராமமூர்த்தி இருவரையும் இரட்டையராக இணைத்துப் பெயரிட்டதும் கலைவாணரே. அந்த இணைப்பெயர் முதலில் இடம்பெற்றது பணம் படத்தில்தான்.

ஈட்டிய பொருள் கையில் தங்கவில்லை. கேட்டவர்க்கெல்லாம் கொடுத்தார். நாகர்கோவிலில் காந்தியடிகளுக்குத் தம் செலவில் நினைவுத்தூண் எழுப்பினார். அந்த ஈகையைப் புகழாதார் இல்லை. குடும்பம் பட்ட இடரை நினைப்பார் சிலரே. 1957 ஆகஸ்டு 30 அன்று, 48 வயதில், சென்னையில் மறைந்தார். அவருக்குப் பின் நாராயண கவி 1981 வரை வாழ்ந்தார். தியாகராய நகரில் கலைவாணரின் சிலையை 1969 சனவரியில், நோயுற்ற உடலோடு வந்து திறந்து வைத்தவர் முதலமைச்சர் அண்ணா. அண்ணா கலந்துகொண்ட கடைசிப் பொது நிகழ்ச்சி அது.