கமேஹமேஹாவும் இறகுத் தெய்வமும்

வானியல் வகுப்பிற்காக ஹாலி வால்மீனைப் பற்றிக் குறிப்பெடுக்க நூலகம் சென்றேன். வால்மீனைத் தேடப் போன நான், ஹவாய் மன்னன் ஒருவனைக் கண்டு திரும்பினேன். அவ்வால்மீன் மீண்டும் தோன்றிய 1758-ஐ ஒட்டி அவன் பிறந்தான் என்பர். அதற்குப் பல ஆண்டுகள் முன்பே பிறந்தவன் என்பாரும் உளர். கமேஹமேஹா என்பது பெயர். தனித்திருப்பவன் என்பது அதன் பொருள். (இப்பெயர்களைத் தமிழில் எழுதுவதே பெரும்பாடு, நண்பர்களே!)

அத்தீவு மக்களின் பழங்கதைகளில் மௌயி என்றொரு குறும்பன் உண்டு. தீவுகளை எல்லாம் ஒரே நிலமாக்க எண்ணித் தூண்டிலிட்டு இழுத்தான். திரும்பிப் பாராதீர்கள் என்று சொல்லியும் உடன்பிறந்தார் திரும்பிப் பார்த்தனர், முயற்சி கெட்டது, தீவுகள் தனித்தனியே நின்றுவிட்டன. விருச்சிகத்தின் வாலென்று நாம் காட்டும் விண்மீன்களே அவர்களுக்கு மௌயியின் தூண்டில் முள். குறும்பனால் ஆகாததைச் செய்து முடித்தவன் கமேஹமேஹா. அவனுக்குத் துணை நின்றதோ வேறொரு தெய்வம்.

கூகாயிலிமோக்கு என்பது அப்போர்த் தெய்வத்தின் பெயர். நிலத்தைப் பறிப்பவன் என்று பொருள்படும். வேர்களால் தலை பின்னி, மேலே சிவந்த இறகுகளைப் போர்த்தி, முத்துச் சிப்பியால் கண்ணும் நாய்ப் பற்களால் வாயும் அமைப்பார்கள். முதிய மன்னன் கலானியோபூ நாட்டைத் தன் மகன் கிவாலாவோவுக்கு வைத்தான். தெய்வத்தை உடன்பிறந்தான் மகனான கமேஹமேஹாவிடம் ஒப்படைத்தான். நிலம் ஒருவனிடம், நிலம் பறிக்கும் தெய்வம் மற்றவனிடம்! 1782-இல் முதியவன் இறந்தான். அவ்வாண்டே மோக்குவோஹாய்ப் போரில் கிவாலாவோ வீழ்ந்தான்.

அந்நாட்களில் ஒருமுறை மீனவர் சிலரைத் தாக்க ஓடிய கமேஹமேஹாவின் கால், எரிமலைப் பாறை வெடிப்பில் சிக்கிக்கொண்டது. மீனவன் ஒருவன் துடுப்பால் அவன் தலையில் ஓங்கி அடித்தான்; துடுப்பு சிதறியது. பின்னாளில் அவர்களைப் பிடித்துவந்தபோது மன்னன் தண்டிக்கவில்லை. பிழை தன்னுடையதே என்று விடுவித்து, முதியோரும் பெண்டிரும் குழந்தைகளும் வழியோரத்தில் அஞ்சாது படுத்துறங்கலாம் என்று சட்டம் செய்தான். சிதறிய துடுப்பின் பெயரால் வழங்கும் அச்சட்டத்தை இன்றைய ஹவாய் மாநில அரசியலமைப்பிலும் காணலாம்.

இத்தோடு நிறுத்தினால் அழகான கதை. நிறுத்த முடியவில்லை. கிவாலாவோவின் உடன்பிறப்பான கியோவா எதிர்த்து நின்றான். 1790-இல் கிளாவியா எரிமலை பொங்கி அவன் படையில் ஒரு பகுதியை அழித்தது. வெப்ப வாயுவும் சாம்பலும் செய்த வேலை என்று நாம் சொல்வோம். எரிமலைத் தெய்வம் பெலேயின் தீர்ப்பென்றே அம்மக்கள் நம்பினர். போர்த் தெய்வத்திற்குப் பெருங்கோயில் எழுப்பினால் தீவுகள் யாவும் உனதாகும் என்றான் ஒரு குறிசொல்லி. புவுகோஹோலாவில் கோயில் எழுந்தது. 1791-இல் அழைப்பை ஏற்றுப் படகில் வந்த கியோவா கரையிலேயே கொல்லப்பட்டான்; உடல் அக்கோயிலில் பலியானது. மன்னனே ஆணையிட்டானா என்பதில் இன்றும் வழக்கு உண்டு. ஆணையிடாதவன் பலியை ஏற்பானேன்? மீனவனை மன்னித்த கையையும் இக்கையையும் என்னால் எளிதில் ஒன்றுசேர்க்க இயலவில்லை.

பிறகு நடந்தவை விரைவானவை. ஜான் யங், ஐசக் டேவிஸ் என்னும் மாலுமிகள் இருவர் பீரங்கிக்குத் துணையாயினர். 1795-இல் ஒவாகுத் தீவின் நுவுவானுப் போரில் பகைவர் பலர் மலை விளிம்பிலிருந்து விழுந்து மாண்டனர். 1810-இல் கவாய்த் தீவு போரின்றிப் பணிந்தது. அனைத்தும் ஒரு குடைக்கீழ்!

1819 மே 8-இல் கமேஹமேஹா மறைந்தான். எலும்புகளை மறைவிடத்தில் வைத்துவிட்டனர். இடம் எவருக்கும் தெரியாது. ஆனால் அவன் செய்துவைத்த ஏற்பாட்டைப் பாருங்கள்: நாடு மகன் லிஹோலிஹோவுக்கு, போர்த் தெய்வம் தம்பி மகன் கேகுவாவோகலானிக்கு. தான் வந்த வழியை மறந்தானா? மறந்திருப்பான் என்று நான் நம்பவில்லை. தெய்வத்தைப் பெற்றவனே வெல்வான் என்று எண்ணியிருக்கலாம்.

அவ்வாண்டே லிஹோலிஹோ பெண்களோடு அமர்ந்து உண்டு பழைய விலக்குகளை உடைத்தான். தெய்வ உருவங்களை அழிக்க ஆணையிட்டான். அவற்றைக் காக்க எழுந்தான் கேகுவாவோகலானி. டிசம்பரில் குவாமோவில் போர் மூண்டது. இம்முறை தெய்வத்தைப் பெற்றவன் வெல்லவில்லை; துப்பாக்கிகள் மிகுதியாக உடையவன் வென்றான். வீழ்ந்தவனின் மனைவி மனோனோவும் கணவனருகில் போரிட்டே மடிந்தாள்.