நடந்து நாடளந்த ஆசிரியர்

நிலப்படத்தில் ஒரு நகரத்தைக் குறிக்க ஒரு புள்ளி போதும். அந்தப் புள்ளியை எங்கே வைப்பது என்று அறிவதற்காக ஒருவர் தம் உயிரையே பணயம் வைத்து நடந்த வரலாறும் உண்டு. இமயமலைக்கு வடக்கே, கடல் மட்டத்திலிருந்து சராசரியாக 4,000 மீட்டருக்கும் மேலான உயரத்தில் பரந்து கிடக்கிறது திபெத்துப் பீடபூமி. அதன் தலைநகரான லாசா எந்த இடத்தில், எவ்வளவு உயரத்தில் அமைந்துள்ளது என்பதை 19ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதி வரை நிலப்படம் வரைவோர் துல்லியமாக அறிந்திருக்கவில்லை. அதனை அளந்து சொன்னவர் குமாவூன் மலைநாட்டின் பள்ளி ஆசிரியர் ஒருவர். அவரே நைன் சிங் ராவத்.

பிறப்பும் இளமையும்

இன்றைய உத்தராகண்ட் மாநிலத்தின் பித்தோராகர் மாவட்டத்தில், கோரி கங்கை ஆறு பிறக்கும் பனியாற்றின் அருகே மிலம் என்னும் சிற்றூர் உள்ளது. அங்கு 1830ஆம் ஆண்டு நைன் சிங் பிறந்தார். அவ்வூர் மக்கள் கோடைக்காலத்தில் உயர்ந்த கணவாய்களைக் கடந்து திபெத்துக்குச் சென்று வணிகம் செய்தனர். இங்கிருந்து தானியங்களைக் கொண்டுசென்று, அங்கிருந்து உப்பையும் கம்பளியையும் கொண்டுவந்தனர். சிறு வயதிலேயே தந்தையுடன் அவ்வழிகளில் சென்ற நைன் சிங், திபெத்து மொழியையும் அம்மக்களின் பழக்கவழக்கங்களையும் இயல்பாகக் கற்றார்.

பின்னர் இமயப் பகுதியை ஆராய வந்த ஜெர்மானிய அறிஞர்களான ஷ்லாகின்ட்வைட் சகோதரர்களுடன் பயணம் செய்து, அளவைக் கருவிகளைக் கையாளும் முறையை அறிந்தார். அதன்பின் தம் ஊர்ப் பள்ளியில் ஆசிரியரானார். ஆசிரியர் என்பதால் மக்கள் அவரைப் பண்டிட் என்று அழைத்தனர். பிற்காலத்தில் அச்சொல்லே அவருக்கு மறைபெயராக அமைந்தது.

எல்லையில் நின்ற அளவை

1802ஆம் ஆண்டு சென்னைப் பரங்கிமலை அருகே, லாம்டன் என்னும் ஆங்கில அலுவலர் நிலத்தில் ஓர் அடிக்கோட்டை அளந்து முக்கோண நில அளவையைத் தொடங்கினார். ஆண்டுதோறும் வடக்கு நோக்கி வளர்ந்த அவ்வளவை இமயமலையை எட்டியதும் நின்றுபோயிற்று. அக்காலத்தில் திபெத்து அயலாருக்குத் தன் வாயில்களை அடைத்திருந்தது. ஐரோப்பியர் நுழைவது இயலாது. அந்நாட்டு வழிகளை அறிந்த மலைநாட்டு மக்களைப் பயிற்றி அனுப்பலாம் என மாண்ட்கோமரி என்னும் அளவை அலுவலர் கருதினார். அதற்காக 1863ஆம் ஆண்டு நைன் சிங்கும் அவருடைய உறவினரான மணி சிங்கும் தேர்ந்தெடுக்கப்பட்டு, தேராதூனில் பயிற்சி பெற்றனர்.

அப்பயிற்சி வியப்புக்குரியது. மேட்டில் ஏறினாலும் பள்ளத்தில் இறங்கினாலும் ஒவ்வொரு தப்படியும் ஒரே நீளமாக, ஏறத்தாழ 31½ அங்குலமாக இருக்க வேண்டும். அவ்வாறு 2,000 தப்படி நடந்தால் ஒரு மைல். எண்ணிக்கை தவறாதிருக்க ஜபமாலை துணை செய்தது. வழக்கமான ஜபமாலையில் 108 மணிகள் இருக்கும். நைன் சிங்கின் மாலையில் இருந்தவை 100. நூறு தப்படிக்கு ஒரு மணியாக உருட்டினால், மாலை ஒரு முறை சுற்றி முடியும்போது ஐந்து மைல் கடந்திருக்கும். மந்திரச் சுருள் இருக்க வேண்டிய ஜபச் சக்கரத்தினுள் அளவைக் குறிப்புகள் மறைந்திருந்தன. பெட்டியின் இரகசிய அறையில் விண்மீன்களின் உயரத்தை அளக்கும் கோணமானி இருந்தது. பாதரசம் சோழிகளுக்குள் அடைக்கப்பட்டிருந்தது. இரவில் அதனைக் கிண்ணத்தில் ஊற்றினால் அசையாத கண்ணாடிபோல் மட்டமாக நிற்கும். அதில் தெரியும் விண்மீனின் நிழலைக் கொண்டு ஊரின் அட்சரேகையைக் கணக்கிடலாம். நீர் கொதிக்கும் வெப்பநிலை உயரம் கூடக் கூடக் குறையும். ஆதலால், வெப்பமானியைக் கொண்டு இடத்தின் உயரத்தையும் அறிந்தனர்.

லாசாவை நோக்கி

1865ஆம் ஆண்டின் தொடக்கத்தில் இருவரும் புறப்பட்டு நேபாளத்தின் தலைநகரான காட்மாண்டுவை அடைந்தனர். திபெத்து எல்லையில் அதிகாரிகள் ஐயுற்றுத் திருப்பி அனுப்பவே, அவர்கள் வெவ்வேறு வழிகளில் முயன்றனர். மணி சிங்கால் முன்னேற இயலவில்லை. நைன் சிங் லடாக்கு நாட்டு வணிகரைப்போல் உடையும் பின்னலும் மாற்றிக்கொண்டார். லாசாவுக்குச் சென்றால் உயிரை இழக்க ஒப்புவதாக எழுதிக்கொடுத்த பின்னரே எல்லையைக் கடந்தார். பிறகு வணிகக் குழுவொன்றுடன் சேர்ந்து, சாங்போ ஆற்றின் பள்ளத்தாக்கு வழியே கிழக்கு நோக்கி நடந்தார்.

வழியில் ஷிகாட்சே நகரை அடுத்த தாஷிலுன்போ மடத்தில் பஞ்சன் லாமாவை வணங்கச் சென்றார். லாமா அப்போது சிறுவர். மனத்தில் உள்ளதை அறியும் ஆற்றல் அவருக்கு உண்டு என்று மக்கள் நம்பினர். தம் மறைவு வெளிப்பட்டுவிடுமோ என்ற அச்சத்துடனேயே நைன் சிங் அவர்முன் நின்றார். சிறுவர் வழக்கமான நலம் விசாரிப்புடன் விடைகொடுத்தார்.

1866ஆம் ஆண்டு ஜனவரி மாதம் நைன் சிங் லாசாவை அடைந்தார். பகலில் நேபாள வணிகருக்குக் கணக்கு கற்பித்துப் பொருள் ஈட்டினார். இரவில் யாரும் அறியாமல் விண்மீன்களை அளந்தார். அந்நகரம் 30 பாகைக்குச் சற்றுக் குறைவான வட அட்சரேகையில் உள்ளது என்று கண்டார். இன்றைய கணக்கும் அதனோடு பெரிதும் ஒத்துள்ளது.

ஆயினும் இடர் அகலவில்லை. அனுமதியின்றி நுழைந்த ஒருவர் அந்நகரில் தலை துண்டிக்கப்பட்டதை அவர் காண நேர்ந்தது. தாம் உறுதிமொழி எழுதிக்கொடுத்த எல்லை அதிகாரியையும் ஒருநாள் தெருவில் கண்டார். உடனே தங்குமிடத்தை மாற்றிக்கொண்டு, வெளியில் வருவதைக் குறைத்தார். ஏப்ரல் மாதம் அங்கிருந்து புறப்பட்டு, சாங்போ ஆற்றின் வழியே மேற்கு நோக்கித் திரும்பி, மானசரோவரைக் கடந்து, அக்டோபர் மாத இறுதியில் தேராதூனை அடைந்தார்.

அவர் அளந்த வழி ஏறத்தாழ 1,200 மைல். மைலுக்கு 2,000 தப்படி என்றால், 24 இலட்சம் தப்படிகள். அவற்றுள் ஆயிரத்தை விட்டுவிட்டு ஊகித்து எழுதியிருந்தாலும் கேட்பார் யாரும் இல்லை. எனினும் அவர் எண்ணிக்கையை விடவில்லை. திரும்பும் வழியிலும் எண்ணினார். சாங்போ ஆற்றின் போக்கை நெடுந்தொலைவு அறிவதற்கு அவ்வெண்ணிக்கை அடிப்படையாயிற்று. அவ்வாறே பிரம்மபுத்திராவாக அசாமில் இறங்குகிறது என்பது பின்னர் உறுதியாயிற்று.

இறுதிப் பயணம்

1867ஆம் ஆண்டு மேற்குத் திபெத்தின் தோக் ஜாலுங் தங்கச் சுரங்கங்களைக் கண்டு வந்தார். 1874ஆம் ஆண்டு கோடையில் லடாக்கின் லே நகரிலிருந்து, ஆடுகளின் முதுகில் சுமையேற்றிக்கொண்டு, ஏரிகள் நிறைந்த வடதிபெத்தின் வழியே மீண்டும் லாசாவை அடைந்தார். அங்கிருந்து தெற்கே தவாங்கு வந்தபோது சில வாரங்கள் தடுத்து வைக்கப்பட்டார். 1875ஆம் ஆண்டு மார்ச்சு மாதம் அசாமின் உதால்குரியை அடைந்தார். நெடும் பயணங்களால் உடல்நலமும் கண்பார்வையும் குன்றின. அதன்பின் அவர் பிறருக்குப் பயிற்சியளித்தார். அவருடைய உறவினர் கிஷன் சிங்கும் புகழ்பெற்ற அளவையாளராக விளங்கினார்.

பெயர் அறிந்த உலகம்

பாதுகாப்பின்பொருட்டு அவர் பெயர் நெடுங்காலம் மறைக்கப்பட்டது; அறிக்கைகளில் பண்டிட் என்றே குறிக்கப்பட்டார். அளவைகளின் பயன் முதலில் அன்றைய ஆங்கில அரசுக்கே சென்றது. ஆனால் அவற்றால் வளர்ந்த நிலவியல் அறிவு உலகம் முழுமைக்கும் உரியதாயிற்று. 1877ஆம் ஆண்டு இலண்டன் அரச புவியியல் கழகம் அவருக்குத் தங்கப் பதக்கம் வழங்கியது. 2004ஆம் ஆண்டு இந்திய அஞ்சல் துறை அவர் உருவம் பொறித்த அஞ்சல் தலையை வெளியிட்டது.

ஆசியாவின் நிலப்படத்தில் லாசாவைக் குறிக்கும் சிறு புள்ளியை நாம் ஒரு நொடியில் கண்டுவிடுகிறோம். யாரும் காணாத இடத்திலும் ஒரு தப்படியைக்கூடப் பொய்யாக எண்ணாத ஓர் ஆசிரியரின் நேர்மை அப்புள்ளியில் அடங்கியிருக்கிறது.