கதிரவனைக் கல் என்ற அனக்சகோரஸ்

கிரேக்க ஞானிகள் என்றவுடன் நம் நினைவிற்கு வருவோர் சாக்ரடீஸ், பிளேட்டோ, அரிஸ்டாட்டில் ஆகிய மூவரே. ஆனால் இம்மூவருக்கும் மூத்தவர் ஒருவர் உண்டு. இவ்வுலகம் எவ்வாறு தோன்றியது என்ற வினாவிற்கு விடை தேடி, அவ்விடைக்காகவே தாம் வாழ்ந்த நகரை விட்டுத் துரத்தப்பட்டவர் அவர். பத்தாம் வகுப்பு மாணவிகளாகிய நாங்கள் அவரைப் பற்றித்தான் எழுத விரும்பினோம். அவர் பெயர் அனக்சகோரஸ்.

கி.மு. 500-ஆம் ஆண்டளவில் கிளாசோமெனே என்னும் கடற்கரை நகரில் அவர் பிறந்தார். அவ்விடம் இன்று துருக்கி நாட்டில், இஸ்மிர் நகருக்கு மேற்கே இருக்கிறது. அக்காலத்தில் அது அயோனியா எனப்பட்ட கிரேக்கப் பகுதியைச் சேர்ந்தது. அவர் செல்வக் குடியில் பிறந்தவர். எனினும் நிலபுலன்களில் அவர் மனம் செல்லவில்லை. வயல்களில் ஆடு மேய்ந்தது. சொத்தைப் பேணத் தெரியவில்லையே என்று உறவினர்கள் ஏச, அப்படியானால் நீங்களே பேணிக்கொள்ளுங்கள் என்று எல்லாவற்றையும் அவர்களிடமே விட்டுவிட்டாராம். தாய்நாட்டின்மேல் அக்கறை இல்லையா என்று ஒருவர் கேட்டபோது, மிகுந்த அக்கறை உண்டு என்று வானத்தைச் சுட்டிக் காட்டினார் என்றும் கூறுவர்.

அவருக்கு முன்னரே அயோனியாவில் உலகத் தோற்றத்தைப் பற்றி ஆராய்ந்தோர் இருந்தனர். மிலேட்டஸ் நகரத்துத் தேலீஸ் எல்லாம் நீரிலிருந்து வந்தன என்றார். அதே ஊரைச் சேர்ந்த அனக்சிமெனிஸ் காற்றே மூலம் என்றார். ஹெராக்ளிட்டஸ் நெருப்பைக் கூறினார். ஒவ்வொருவரும் ஒரு பொருளைப் பிடித்துக்கொண்டார்கள். அனக்சகோரசுக்கு இது போதவில்லை. இல்லாத ஒன்றிலிருந்து எதுவும் உண்டாகாது என்று பார்மெனிடீஸ் என்பவர் வாதித்திருந்தார். அது உண்மையானால் நாம் உண்ணும் ரொட்டி எப்படி எலும்பாகவும் தசையாகவும் தலைமுடியாகவும் மாறுகிறது? முடி அல்லாததிலிருந்து முடி எப்படி வரும்? எவ்வளவு எளிய கேள்வி! தினமும் மூன்று வேளை சாப்பிடும் எங்களுக்கு இது ஒரு நாளும் தோன்றியதில்லை.

அவர் கண்ட விடை இதுதான். எல்லாப் பொருளிலும் எல்லாப் பொருளின் கூறும் உண்டு. ரொட்டியில் எலும்பும் முடியும் கண்ணுக்குத் தெரியாமல் கலந்திருக்கின்றன. எது மிகுதியாக இருக்கிறதோ அதன் பெயரால் அப்பொருளை அழைக்கிறோம். ஆதியிலும் அப்படியே, எல்லாம் ஒன்றாய்க் கலந்து, நிறமோ வடிவமோ தெரியாமல் கிடந்தன. அக்கலவையை அசைத்தது எது? அறிவு என்கிறார் அனக்சகோரஸ். கிரேக்க மொழியில் அதற்கு நௌஸ் என்று பெயர். அந்த அறிவு மட்டும் எதனோடும் கலவாமல் தூயதாய்த் தனித்து நின்று, ஓரிடத்தில் ஒரு சுழற்சியைத் தொடங்கி வைத்தது. சுழற்சி பெருகப் பெருகக் கனமானதும் ஈரமானதும் குளிர்ந்ததும் நடுவில் சேர்ந்து நிலமாயின. மென்மையானதும் வெப்பமானதும் வெளியே சென்று வானாயின. சுழற்சியின் வேகத்தில் நிலத்திலிருந்து பிய்த்தெறியப்பட்ட கற்களே எரிந்து விண்மீன்களாயின. பாத்திரத்து நீரைக் கையால் சுழற்றிவிட்டால் அடியிலுள்ள மண்ணும் துகளும் நடுவில் வந்து கூடுவதை வீட்டில் பார்த்திருப்பீர்கள். அனக்சகோரஸ் கூறிய உலகத் தோற்றமும் ஏறக்குறைய அதைப் போன்றதுதான்.

இறைவன் ஒன்றுமில்லாமையிலிருந்து அனைத்தையும் படைத்தார் என்று ஞானோபதேசத்தில் படித்திருக்கும் நாம் இங்கே ஒரு வேறுபாட்டைக் கவனிக்க வேண்டும். அனக்சகோரஸ் கூறும் அறிவு எதையும் படைப்பதில்லை. ஏற்கெனவே இருப்பதைப் பிரித்து ஒழுங்குபடுத்துவதோடு சரி. ஆனாலும் நீர், காற்று, நெருப்பு என்று கூறிக்கொண்டிருந்தவர்கள் நடுவில் உலக ஒழுங்கிற்கு அறிவே காரணம் என்று துணிந்து கூறியதற்காக, அரிஸ்டாட்டில் அவரைப் பிதற்றுவோர் நடுவே தெளிந்த மனிதர் போன்றவர் என்று பாராட்டினார். சாக்ரடீசோ குறைபட்டுக்கொண்டார். அறிவே காரணம் என்று தொடங்கிய புத்தகம், போகப் போகக் காற்றையும் நீரையுமே காரணமாகக் காட்டுகிறதே என்பது அவர் ஏமாற்றம். எங்களுக்கும் சாக்ரடீசின் கட்சிதான் சரியென்று தோன்றுகிறது.

அனக்சகோரஸ் ஏதென்ஸ் நகருக்கு வந்து முப்பது ஆண்டுகள் வாழ்ந்ததாகச் சொல்வர். அந்நகரின் பெருந்தலைவர் பெரிக்ளீஸ் அவருக்கு நண்பரும் மாணவருமானார். ஒருமுறை ஒற்றைக் கொம்புள்ள ஆட்டுத் தலை ஒன்றைப் பெரிக்ளீசிடம் கொண்டுவந்தனர். குறி சொல்பவர் அதை அரசியல் சகுனம் என்றார். அனக்சகோரசோ மண்டை ஓட்டைப் பிளக்கச் செய்து, மூளை முட்டை வடிவில் ஒடுங்கி, கொம்பு முளைத்த இடத்தை நோக்கிக் குவிந்திருந்ததைக் காட்டினார். கொம்பு ஒன்றானதன் காரணம் ஆட்டின் தலைக்குள்ளேயே இருந்தது!

வானத்தையும் அவர் இப்படித்தான் பிளந்து பார்த்தார். கதிரவன் ஹீலியோஸ் என்னும் தெய்வம், தேரேறி வானில் செல்கிறான் என்று மக்கள் நம்பிய காலம் அது. அனக்சகோரஸ் அதைப் பழுக்கக் காய்ந்த கல் என்றார். கிரேக்க நாட்டின் தென்பகுதியாகிய பெலொப்பொனீசசை விடவும் பெரியது என்றார். இன்று நமக்குத் தெரியும், கதிரவன் கல் அன்று, வாயுக்கோளம். அதன் விட்டம் சுமார் 14 லட்சம் கிலோமீட்டர். நிலம் தட்டையானது என்றுதான் அவரும் எண்ணியிருந்தார். ஆனால் நிலவுக்குச் சொந்த ஒளி இல்லை, கதிரவனின் ஒளியையே பெறுகிறது என்று கூறியது முற்றும் சரி. நிலம் குறுக்கிடுவதால் சந்திர கிரகணமும், நிலவு குறுக்கிடுவதால் சூரிய கிரகணமும் உண்டாகின்றன என்று விளக்கியதும் சரி. நிலவில் சமவெளியும் பள்ளத்தாக்கும் உண்டு என்றார். 1969 முதல் 1972 வரை அங்கு சென்ற மனிதர்கள் 382 கிலோ கல்லையும் மண்ணையும் கொண்டுவந்தனர். நிலவின் வடதுருவத்தருகே உள்ள ஒரு பெரும் பள்ளத்திற்கு இன்று அனக்சகோரஸ் என்றே பெயர்.

கி.மு. 467-ஆம் ஆண்டளவில் ஈகோஸ்பொட்டாமி என்ற இடத்தில் வானிலிருந்து ஒரு வண்டிப் பாரமளவு கல் விழுந்தது. அவர் அதை முன்கூட்டியே சொன்னார் என்ற கதை பரவியது. அது நம்பத்தக்கதன்று. ஆனால் வானத்துப் பொருள்கள் கற்களே என்று சொல்லிவந்தவருக்கு வானமே சாட்சி அனுப்பியது போலாயிற்று.

இருந்தும் ஏதென்ஸ் ஏற்கவில்லை. தெய்வங்களை நம்பாதவர்களையும் வானத்துப் பொருள்களைப் பற்றிப் போதிப்பவர்களையும் வழக்குக்கு இழுக்க ஒரு தீர்மானம் வந்தது. பெரிக்ளீசை நேராக வெல்ல முடியாதவர்கள் அவருடைய ஆசிரியர்மேல் அம்பெய்தார்கள் என்று புளூட்டார்க் எழுதுகிறார். இந்தப் பெரிக்ளீசும் ஒரு காலத்தில் அரசுப் பணிகளில் மூழ்கி முதியவரை மறந்தவர்தான். அனக்சகோரஸ் போர்த்திப் படுத்துப் பட்டினியால் உயிர்விட முனைந்தபோதுதான் ஓடிவந்து கெஞ்சினார். விளக்கு வேண்டுமானால் எண்ணெய் ஊற்ற வேண்டும் என்று ஆசிரியர் மெல்லச் சொன்னாராம். வழக்கின்போது பெரிக்ளீஸ் அவரைக் கைவிடவில்லை. உயிர் தப்பியது, ஏதென்ஸ் தப்பவில்லை. அனக்சகோரஸ் நகரை விட்டு வெளியேறினார். அவருடைய புத்தகம் மட்டும் அங்கேயே ஒரு டிராக்மாவுக்கு விற்கப்பட்டு வந்தது. கி.மு. 399-இல் சாக்ரடீஸ் வழக்கு மன்றத்தில் நின்றபோது, கதிரவனைக் கல் என்கிறார் என்ற அதே பழி அவர்மேலும் சுமத்தப்பட்டது. அது அனக்சகோரசின் கருத்தல்லவா என்று அவர் நினைவூட்ட வேண்டியிருந்தது.

முதியவர் சென்று சேர்ந்த ஊர் லாம்ப்சாக்கஸ். அந்த விண்கல் விழுந்த கரைக்கு எதிர்க்கரையில் இருந்தது அது. ஊரார் அந்நியர் என்று பாராமல் அவரை மதித்து வைத்துக்கொண்டனர். கி.மு. 428-ஆம் ஆண்டளவில் அவர் இறந்தபோது சிறப்புடன் அடக்கம் செய்தனர். உமக்கு நாங்கள் என்ன மரியாதை செய்யட்டும் என்று ஊர்த்தலைவர்கள் அவரைக் கேட்டிருந்தார்கள். சிலை வேண்டும், கோயில் வேண்டும் என்று அவர் கேட்கவில்லை. தாம் இறக்கும் மாதத்தில் ஆண்டுதோறும் பள்ளிப் பிள்ளைகளுக்கு விடுமுறை விட்டு விளையாட விடுங்கள் என்றாராம். அறுநூறு ஆண்டுகளுக்கும் பின்னர் அவர் வரலாற்றை எழுதிய டயோஜெனிஸ் லயேர்ட்டியஸ், லாம்ப்சாக்கசில் அவ்விடுமுறை இன்றும் விடப்படுகிறது என்று குறித்திருக்கிறார்.