இரு கரை தொட்ட ஆழிக்குமரன்

மாணவர்களே, நம் ஜவ்வாது மலையில் கடலையே பார்க்காதவர்கள் பலர் உண்டு. கோடியக்கரையில் நின்றால் தண்ணீர் மட்டும்தான் தெரியும். அதற்கு அப்பால் ஏறத்தாழ 50 கிலோமீட்டர் தூரத்தில் யாழ்ப்பாணக் கரை இருக்கிறது. இடையில் உள்ள கடல்தான் பாக் நீரிணை.

1954-இல் நவரத்தினசாமி என்பவர் அக்கரையிலிருந்து நீந்தி இக்கரை சேர்ந்தார். போய்த் திரும்பவும் முடியுமா? முடியும் என்று துணிந்தார் வல்வெட்டித்துறையில் 1943-இல் பிறந்த குமார் ஆனந்தன். தொழிலால் அவர் வழக்கறிஞர்.

1971-இல் இலங்கையிலிருந்து இந்தியக் கரைக்கு நீந்தி வந்து, மறுபடியும் இலங்கைக்கே நீந்திச் சென்றார். மொத்தம் 51 மணி நேரம்! இரண்டு பகல், இரண்டு இரவு, அதற்கு மேலும் மூன்று மணி நேரம். இப்படி நீந்துபவர் கண்ணயர முடியாது. நீரோட்டம் பக்கவாட்டில் இழுக்கும். இழுதுமீன் பட்டால் உடம்பு தீயாய் எரியும். துணைக்குப் படகு வரும். ஆனால் அதைப் பிடித்து இளைப்பாறக் கூடாது.

ஆழிக்குமரன் என்ற பட்டப்பெயர் அவருக்குப் பொருத்தம்தானே?

ஒற்றைக்காலில் 33 மணி நேரம் நின்றும் சாதனை செய்தார். (நீங்கள் முயல வேண்டாம்!) எனக்கென்னவோ அந்த 51 மணி நேரம்தான் பெரிதாகத் தோன்றுகிறது.

அடுத்து, இங்கிலாந்துக்கும் பிரான்சுக்கும் இடையிலுள்ள ஆங்கிலக் கால்வாய். குறுகலான இடத்தில் 33 கிலோமீட்டர்தான். ஆனால் குளிர்! மார்கழி விடியலில் கோமுட்டேரியில் இறங்கி மணிக்கணக்கில் நிற்பதாக நினைத்துக்கொள்ளுங்கள். குளிர் காக்கும் ரப்பர் உடைக்கும் விதியில் இடமில்லை.

1984 ஆகஸ்ட் 6 அன்று அந்தக் கால்வாயில் நீந்துகையில் ஆனந்தன் உயிரிழந்தார். அப்போது அவருக்கு வயது 41. வல்வெட்டித்துறையில் அவர் பெயரில் ஒரு நீச்சல் தடாகம் கட்டியிருக்கிறார்கள்.