மருந்தியல் அறிஞர் இராம்நாத் சோப்ரா

அருப்புக்கோட்டையிலிருந்து திருச்சுழி நோக்கிச் செல்லும் வழியின் இருமருங்கும் வானம் பார்த்த கரிசல் நிலம் பரந்து கிடக்கிறது. மழை பெய்தால் பருத்தியும் சோளமும் விளையும். பொய்த்தால் வேலிகாத்தானே மிஞ்சும். அந்நிலத்தின் பாழ்மனைகளிலும் குப்பைமேடுகளிலும், ஊதுகுழல் போன்ற பூக்களையும் முள் செறிந்த காய்களையும் தாங்கி ஒரு செடி தானே முளைத்து நிற்கும். அதுவே ஊமத்தை. பித்து எனப் பொருள்படும் உன்மத்தம் என்ற வடசொல்லே அதன் பெயருக்கு மூலமாகும். அதன் விதையை அறியாது தின்றவன் இல்லாதவற்றைக் கண்டு பிதற்றுவான், உற்றாரையும் அடையாளம் காணான், உயிரிழத்தலும் உண்டு.

ஒரு செடியின் சிறு விதை மனிதனின் அறிவை மயக்குவது எவ்வாறு? மனத்தைக் கலக்கும் பொருள் ஒரு செடியில் இருக்குமாயின், கலங்கிய மனத்தைத் தெளிவிக்கும் பொருள் வேறொரு செடியில் இருத்தல் கூடுமன்றோ? இத்தகைய வினாக்களுக்கு ஆய்வுக்கூடத்தில் விடை காணும் வழியை நம் நாட்டில் வகுத்தவர் இராம்நாத் சோப்ரா ஆவார். இந்திய மருந்தியலின் தந்தை என்று அறிஞர் அவரைப் போற்றுவர்.

சோப்ரா 1882-ஆம் ஆண்டு ஆகஸ்டுத் திங்கள் 17-ஆம் நாள், இன்று பாகிஸ்தானில் உள்ள குஜ்ரன்வாலாவில் பிறந்தார். இலாகூரில் கல்லூரிக் கல்வி பெற்றபின், 1903-இல் இங்கிலாந்து சென்று, கேம்பிரிட்ஜுப் பல்கலைக்கழகத்தின் டௌனிங் கல்லூரியில் சேர்ந்தார். அங்கு வால்டர் டிக்சன் என்னும் அறிஞரிடம் மருந்தியல் பயின்றார். ஒரு மருந்தை உண்டவன் நலம் பெற்றான் என்று கேட்ட அளவில் மருந்தியலார் அமைதி கொள்வதில்லை. எவ்வளவு மருந்து, எந்த உறுப்பில், எத்தகைய மாற்றத்தை விளைக்கிறது என்று அளந்து காண்பதே அவர் தொழில். அத்தொழிலில் தேர்ந்த சோப்ரா 1908-இல் இந்திய மருத்துவப் பணியில் சேர்ந்தார். முதல் உலகப் போரின்போது கிழக்கு ஆப்பிரிக்காவில் பணியாற்றினார். 1921-இல் கல்கத்தாவின் வெப்பமண்டல மருத்துவப் பள்ளியில் மருந்தியற் பேராசிரியரானார்.

அந்நாளில் நாட்டு மருந்துகளைப் பற்றி இருவேறு கருத்துகள் நிலவின. முன்னோர் கூறியவை அனைத்தும் பழுதற்றவை என்றனர் ஒரு சாரார். அவை அனைத்தும் மூடநம்பிக்கை என்றனர் மற்றொரு சாரார். சோப்ரா இரு சாராரோடும் சேர்ந்திலர். ஒவ்வொரு மூலிகையையும் சோதித்து, பயனுடையதை ஏற்று, பயனற்றதை விலக்குவதே நேர்மை என்று அவர் கருதினார். அவ்வாறு ஆராய்ந்து கண்டவற்றைத் தொகுத்து, இந்திய நாட்டு மருந்துகள் பற்றிய பெருநூலை 1933-இல் வெளியிட்டார்.

மருந்துக் கடைகளில் போலியும் கலப்படமும் மலிந்திருந்தன. அவற்றை ஆராய 1930-இல் அரசு அமைத்த குழுவுக்குச் சோப்ராவே தலைவர். அக்குழு அளித்த பரிந்துரைகளின் பயனாக 1940-இல் மருந்துச் சட்டம் பிறந்தது. அபினி, கஞ்சா முதலிய போதைப் பொருள்களுக்கு அடிமைப்பட்டோரின் நிலையையும் அவர் பல ஆண்டுகள் ஆராய்ந்தார். அவர்களை இகழ்ந்து ஒதுக்காது, அப்பொருள்கள் உடலையும் உள்ளத்தையும் எவ்வாறு பற்றுகின்றன என்பதை அறிய முயன்றார்.

அவர் கருத்தைக் கவர்ந்த மூலிகைகளுள் ஒன்று சர்ப்பகந்தி. ஈரம் நிறைந்த மலைச்சாரற் காடுகளில் வளரும் அச்சிறு செடியின் வேரை, வடநாட்டு மக்கள் பித்தம் தலைக்கேறியவர்க்கு மருந்தாகக் கொடுத்துவந்தனர். 1931-இல் கல்கத்தாவைச் சேர்ந்த கணநாத் சென், கார்த்திக் சந்திர போஸ் ஆகியோர், அவ்வேர் மனநோயையும் மிகு இரத்த அழுத்தத்தையும் தணிப்பதை எழுதி வெளியிட்டனர். அதே ஆண்டில் சலீமுஸ்ஸமான் சித்திக்கி அவ்வேரிலிருந்து சில காரப்பொருள்களைப் பிரித்தெடுத்தார். 1933-இல் சோப்ராவும் அவர்தம் துணைவரும், அவ்வேரின் சத்து இரத்த அழுத்தத்தைக் குறைத்து அமைதியை விளைப்பதைச் சோதனைகளால் ஆராய்ந்தனர்.

அவர்கள் இட்ட வித்து இருபது ஆண்டுகளின் பின் பெருமரமாயிற்று. 1952-இல் சுவிட்சர்லாந்து அறிஞர்கள் அவ்வேரிலிருந்து ரிசர்பின் என்னும் பொருளைப் பிரித்தனர். கொந்தளிப்பு மிக்க மனநோயாளர்க்கு அதனை அளித்தபோது, பலர் அமைதியுற்றனர். ஆயின் அது மூளையில் செய்வது யாது?

மனித மூளையில் ஏறத்தாழ 8,600 கோடி நரம்பணுக்கள் உள்ளன. ஓர் அணுவுக்கும் அடுத்ததற்கும் இடையே நுண்ணிய இடைவெளி உண்டு. செரட்டோனின், டோப்பமின், நார் அட்ரினலின் முதலிய இரசாயனப் பொருள்கள் தூதர்களாய் அவ்விடைவெளியைக் கடந்து செய்தியைச் சேர்ப்பிக்கின்றன. நரம்பணு இத்தூதுப் பொருள்களைச் சிறு பைகளில் சேமித்து வைக்கும். ரிசர்பின் அச்சேமிப்பைத் தடுக்கிறது, களஞ்சியம் வெறுமையாகிறது, கொந்தளிப்பும் அடங்குகிறது. ரிசர்பின் மூளையிலுள்ள செரட்டோனினைக் குறைப்பதை 1955-இல் அமெரிக்க நாட்டுப் பெர்னார்டு பிராடி குழுவினர் கண்டனர். ரிசர்பினால் அசைவற்றுக் கிடந்த முயல்கள், டோப்பமினாக மாறும் ஒரு பொருளைப் பெற்றதும் எழுந்து நடமாடியதை 1957-இல் சுவீடன் நாட்டு ஆர்விட் கார்ல்சன் காட்டினார். நடுக்குவாத நோய்க்கு மருந்து காண வழிவகுத்த அவ்வாராய்ச்சிக்காக, 2000-இல் அவர் நோபல் பரிசு பெற்றார்.

புறத்திலிருந்து வரும் மருந்தே மூளையை மாற்றுவது என்று எண்ணுதல் கூடாது. உடலின் சுரப்பிகள் இரத்தத்தில் சேர்க்கும் ஹார்மோன்களும் மூளையை இயக்குகின்றன. அச்சம் நேர்ந்தவுடன் அட்ரினல் சுரப்பி விழித்துக்கொள்ள, இதயம் விரைந்து துடிக்கிறது. உடல் எதிர்த்து நிற்கவோ ஓடவோ முனைகிறது. தைராய்டுச் சுரப்பு குறையின் சிந்தனை மந்தமுறும். ஊமத்தையோ, நினைவுக்குத் துணைபுரியும் அசிட்டைல்கோலின் என்னும் தூதுப் பொருளின் பணியைத் தடுத்து அறிவைக் கலக்குகிறது.

அமிழ்தமும் அளவு மீறின் நஞ்சாகும். ரிசர்பின் பெற்றோருள் சிலர் ஆழ்ந்த சோர்வில் வீழ்ந்தனர். ஆதலின், மேலும் நல்ல மருந்துகள் வந்தபோது மனநோய் மருத்துவத்தில் அதன் இடம் சுருங்கிற்று. மருந்துக்கும் நஞ்சுக்கும் இடையே நிற்பது அளவும் சோதனையுமே என்று சோப்ரா வாழ்நாளெல்லாம் உழைத்துக் காட்டியதன் பொருளும் இதுவே.

1941-இல் ஓய்வுபெற்ற பின்னும் அவர் ஓய்ந்திருந்திலர். காஷ்மீரத்தில் மருந்து ஆராய்ச்சிக் கூடத்தை நடத்தினார். 1956-இல், தம் எழுபத்து நான்காம் வயதில், இந்திய மூலிகைகளின் பெயர்த் தொகுதியைப் பிறருடன் சேர்ந்து வெளியிட்டார். 1973-இல் இயற்கை எய்தினார்.

அவர் மறைந்து இருபத்தெட்டு ஆண்டுகள் கழித்து, அருப்புக்கோட்டைக்குத் தென்கிழக்கே உள்ள கடற்கரை ஊராகிய ஏர்வாடியில் ஒரு பெருந்துயரம் நிகழ்ந்தது. 2001-ஆம் ஆண்டு ஆகஸ்டுத் திங்கள் 6-ஆம் நாள் அங்கிருந்த தனியார் காப்பகமொன்றில் தீப்பற்றியது. மனநோயாளர் சங்கிலியால் பிணைக்கப்பட்டிருந்தமையின் ஓடித் தப்ப இயலவில்லை. 28 பேர் மாண்டனர். மூளையின் நோயும் உடல்நோயைப் போன்றதே, அதற்கும் மருந்து உண்டு என்பதை ஆய்வுக்கூடம் அறிந்து அரை நூற்றாண்டு கடந்திருந்தது. அவ்வறிவு அவர்களைச் சென்று சேரவில்லை. நோயாளரைச் சங்கிலியால் பிணைப்பதை 2017-ஆம் ஆண்டின் மனநலப் பராமரிப்புச் சட்டம் தடை செய்கிறது.

சட்டம் சங்கிலியைத்தான் அகற்றும். அச்சத்தையும் இகழ்ச்சியையும் அகற்ற வேண்டியது அறிவே. மனம் கலங்கிய ஒருவரைக் கண்டால் நகைப்பதும் விலகுவதும் தகா. மருத்துவரிடம் அவரை அழைத்துச் செல்வதே அறமாகும். ஆராய்ந்து கண்ட உண்மையை எளியோர்க்கும் எட்டச் செய்வதே சோப்ரா போன்ற அறிஞர்க்கு நாம் செலுத்தும் நன்றிக்கடன்.