காயத்துக்கு இரண்டு குறிகள்: ஜாக் பெர்த்தியோன்

வீதி விபத்தில் கால் முறிந்து வைத்தியசாலையில் கிடந்தவரின் கோப்பில் 'எஸ் 82' என்றொரு குறி இருக்கலாம். முழங்காலுக்குக் கீழே எலும்பு முறிவு என்பது அதன் பொருள். இந்தக் குறியீட்டு முறை ஒரு பாரிஸ்காரரின் பட்டியலிலிருந்து வளர்ந்தது.

1851இல் பிறந்த ஜாக் பெர்த்தியோன் வைத்தியம் படித்தவர். ஆனாலும் நோயாளரைவிட எண்களோடுதான் கூடுதலாக வாழ்ந்தார். குற்றவாளிகளை உடலளவுகளால் அடையாளம் காணும் முறையை வகுத்த அல்போன்ஸ் இவரது தம்பி. 1883இல் தந்தைக்குப் பின் பாரிஸ் நகரப் புள்ளிவிபரப் பணியகத்தைப் பொறுப்பேற்றார். அக்காலத்தில் நாட்டுக்கு நாடு மரண காரணங்களை வெவ்வேறு விதமாகப் பதிந்தார்கள், ஒப்பிட வழியில்லை. 1893இல் சிக்காகோவில் கூடிய சர்வதேச புள்ளிவிபர நிறுவகத்தில் தன் பட்டியலை முன்வைத்தார். விரிவான வடிவில் 161 தலைப்புகள். 1900இல் அதைத் திருத்தப் பாரிஸில் 26 நாடுகளின் பிரதிநிதிகள் கூடினர். 1922இல் அவர் இறந்தார்.

அது இறந்தவர்களுக்கான பட்டியல். உயிர் தப்பியவர்களுக்கு அதில் முறையான இடம் கிடைத்தது 1948இல், உலக சுகாதார ஸ்தாபனம் பொறுப்பேற்ற பிறகுதான். அந்தத் திருத்தத்தில் காயத்துக்கு இரண்டு குறிகள் வந்தன: என்ன காயம், எதனால் வந்தது. பத்தாம் திருத்தத்தின்படி, காருடன் மோதிக் காயப்பட்ட மோட்டார் சைக்கிள்காரருக்கு 'வி 23'. போரில் காயப்பட்டவருக்கு 'வை 36'. முறிவுக்கு இருவருக்கும் அதே எஸ் 82தான். இரண்டாவது குறியை எழுதாமல் விட்டால், வீதியில் முறிந்த காலும் ஷெல்லில் முறிந்த காலும் ஏட்டில் ஒன்றாகிவிடும்.

போர்க்காலத்தில் புதைத்து, போர் முடிந்த பின் வெடிக்கும் மிதிவெடிக்கும் அங்கே தனிக் குறி உண்டு: 'வை 36.8'.